ஜமீன்தார் ஏன் சுட்டார்? – ஹெமிங்வே ஆய்வுகளும் நமது சி.சு. செல்லப்பாவும்

தமிழ் இலக்கிய வரலாற்றில் தோய்ந்தவர்களுக்குச் சின்னமனூர் என்ற பெயர் புதியதன்று. பாண்டியரின் செப்பேடுகள் கிடைத்த ஊர் அது. மதுரையில் சங்கம் வைத்ததையும் மகாபாரதத்தைத் தமிழில் ஆக்குவித்ததையும் தம் குலத்தின் பெருமைகளாகப் பாண்டியர் அவற்றில் பொறித்து வைத்தனர். சங்கம் இருந்ததா இல்லையா என்று வழக்காடியவர்கள் பலரும் ஏதேனும் ஓர் அடிக்குறிப்பிலாவது சின்னமனூரைத் தொட்டுத்தான் சென்றிருக்கிறார்கள். அதே ஊரில் 1912ஆம் ஆண்டு செப்டம்பர் 29ஆம் நாள் பிறந்த ஒருவர், தமது நாற்பத்தாறாம் வயதில் 'எழுத்து' என்றொரு சிற்றிதழைத் தொடங்கி, நவீனத் தமிழ் விமர்சனத்தின் போக்கையே மாற்றினார். சி.சு. செல்லப்பா என்ற பெயரின் முதலெழுத்தில் நிற்பது சின்னமனூர்தான். செப்பேட்டை நினைவில் வைத்த அளவுக்கு இந்த முதலெழுத்தை நாம் நினைவில் வைக்கவில்லை.

நாம் ஆசிரியப் பணி செய்வது போடிநாயக்கனூர் வட்டாரத்தில். சின்னமனூர் இங்கிருந்து ஒரு மணி நேரத்துக்கும் குறைந்த பேருந்துப் பயணம். மேற்கே நிமிர்ந்து பார்த்தால் ஏலமலை. பொழுது புலரும் முன்பே பெண்களை நெருக்கி ஏற்றிக்கொண்டு ஜீப்புகள் போடிமெட்டுச் சாலையின் கொண்டை ஊசி வளைவுகளில் ஏறத் தொடங்கிவிடும். அந்தி சாயும்போது அதே ஜீப்புகள் இறங்கும். மலையில் விளைந்த காய் கீழே வந்து, ஊருக்குள் சல்லடையில் சலிக்கப்பட்டு, நிறமும் பருமனும் பார்த்துப் பிரிக்கப்பட்டு, ஏலத்துக்குப் போகிறது. நம் வகுப்பில் அமர்ந்திருக்கும் மாணவர்களில் பலருடைய தாய்மார் ஒன்று அந்த ஜீப்பில் ஏறுகிறவர்கள், அல்லது அந்தச் சல்லடையின் முன் அமர்கிறவர்கள். அவர்களுக்குத்தான் நாம் 'வாடிவாசல்' நடத்தினோம். அந்த வகுப்பில் எழுந்த ஒரு கேள்விதான் இக்கட்டுரைக்குக் காரணம். அதற்கு வருமுன் சற்று நெடிய சுற்று ஒன்றைச் சுற்ற வேண்டியிருக்கிறது. வாசக நண்பர்கள் பொறுத்தருள வேண்டும்.

*

'வாடிவாசல்' என்றதும் எர்னெஸ்ட் ஹெமிங்வேயின் பெயரைச் சொல்வது நம்மிடையே ஒரு வழக்கம். அங்கும் காளை, இங்கும் காளை. அங்கும் சிறு நூல், இங்கும் சிறு நூல். 'கடலும் கிழவனும்' ச.து.சு. யோகியாரின் மொழிபெயர்ப்பிலும், பின்னர் எம்.எஸ். மொழிபெயர்ப்பிலும் தமிழில் படிக்கக் கிடைத்த ஆக்கம் என்பதால் இந்த ஒப்பீடு எளிதாக நாவில் வந்துவிடுகிறது. ஆனால் ஒப்பிடுகிறவர்கள் பெரும்பாலும் நூல்களோடு நின்றுவிடுகிறார்கள். அவ்விரு படைப்பாளிகளும் தத்தம் சமூகத்தில் எவ்வாறு ஆராயப்பட்டார்கள் என்று ஒப்பிட்டுப் பார்த்தால் வேறொரு காட்சி தெரிகிறது. நமக்கு அதுவே முக்கியமாகப் படுகிறது.

ஹெமிங்வே உயிரோடு இருந்தபோதே அவரைச் சுற்றி ஒரு புராணம் எழுந்துவிட்டது. போரில் குண்டடி பட்டவர், ஸ்பெயினில் காளைச் சண்டை பார்த்தவர், ஆப்பிரிக்காவில் சிங்கம் சுட்டவர், கியூபாக் கடலில் பெருமீன் பிடித்தவர். தாம் கண்டதையும் பட்டதையும் மட்டுமே எழுதியவர் என்பது அப்புராணத்தின் சாரம். அதை வளர்த்ததில் அவருக்கும் பங்குண்டு. 1952ஆம் ஆண்டு 'கடலும் கிழவனும்' வெளியான அதே வேளையில் அவரைப் பற்றிய இரண்டு விமர்சன நூல்களும் வெளிவந்தன. ஒன்று, பிரின்ஸ்டன் பல்கலைக்கழகப் பேராசிரியர் கார்லோஸ் பேக்கர் எழுதியது. ஹெமிங்வேயைச் சாகசக்காரராகப் பாராமல் நுட்பமான கலைஞராகப் பார்த்தது. மற்றொன்று, பிலிப் யங் என்ற இளம் ஆய்வாளர் தம் முனைவர் பட்ட ஆய்விலிருந்து வளர்த்தெடுத்தது.

யங் சொன்னது எளிமையானது, அதனாலேயே அதிர்ச்சி தருவது. 1918ஆம் ஆண்டு ஜூலை 8ஆம் நாள் இத்தாலியப் போர்முனையில், பத்தொன்பது வயது நிறைய இன்னும் சில நாட்கள் இருக்கும்போது, ஹெமிங்வே படுகாயமடைந்தார். அவர் எழுதிய அனைத்தும் அந்தக் காயத்திலிருந்து பிறந்தவை. வீரம், கட்டுப்பாடு, குறைத்துப் பேசுதல் எல்லாம் அந்தக் காயத்தின் மேல் கட்டிய கட்டு. ஆற்றங்கரையில் தனியே மீன்பிடிக்கும் ஓர் இளைஞனைப் பற்றிய ஹெமிங்வேயின் நீண்ட சிறுகதையொன்று உண்டு. அதில் போர் என்ற சொல்லே வராது. போரைப் பற்றிய கதை அதுதான் என்று யங் வாதிட்டார். உயிரோடிருக்கும் எழுத்தாளனுக்கு இது எப்படி இருந்திருக்கும்! ஹெமிங்வே அந்த நூலை விரும்பவில்லை. தம் எழுத்திலிருந்து மேற்கோள் காட்ட அனுமதி தராமல் நெடுநாள் இழுத்தடித்து, ஒருவாறு இறுதியில்தான் இசைந்தார்.

1961ஆம் ஆண்டு ஜூலை 2ஆம் நாள் அவர் தம்மையே சுட்டுக்கொண்டு மடிந்தபோது யங்கின் கொள்கை நிரூபணமாகிவிட்டதாகவே பலரும் எண்ணினர். அடுத்து வந்த ஆய்வாளர்கள் அதோடு நின்றுவிடவில்லை. அமெரிக்கர்களிடம் நாம் கற்க வேண்டியது ஒன்று உண்டென்றால் அது இந்த நிற்காமைதான் என்போம். ஹெமிங்வேயின் மனைவி மேரி கியூபாவுக்குச் சென்று அங்கிருந்த காகிதங்களை மீட்டு வந்தார். அவை பாஸ்டனிலுள்ள ஜான் எஃப். கென்னடி நூலகத்துக்கு அளிக்கப்பட்டு, 1980ஆம் ஆண்டு முறைப்படி ஆய்வாளர்களுக்குத் திறக்கப்பட்டன. கைப்பிரதிகள், அடித்தல் திருத்தல்கள், கடிதங்கள் எல்லாம் அங்கே. 'போரே நீ போ' என்று தமிழில் அறியப்படும் நாவலுக்கு அவர் எழுதிப் பார்த்த முடிவுகள் மட்டும் நாற்பத்தேழு. 2012ஆம் ஆண்டு அவை அனைத்தும் நாவலோடு சேர்த்தே அச்சிடப்பட்டன.

அந்த நாவலைப் பற்றி மைக்கேல் ரெய்னால்ட்ஸ் 1976ஆம் ஆண்டு எழுதிய நூல், வாழ்வையும் எழுத்தையும் சேர்த்து ஆராய்வது எப்படி என்பதற்கு நாம் மாணவர்களுக்குக் காட்ட விரும்பும் எடுத்துக்காட்டு. நாவலின் நடுவே, கபோரெட்டோ தோல்விக்குப் பின் இத்தாலியப் படை மழையிலும் சேற்றிலும் பின்வாங்கும் பகுதி வருகிறது. நேரில் கண்டவனால் மட்டுமே இப்படி எழுத முடியும் என்று எல்லாரும் நம்பிய பகுதி. அந்தப் பின்வாங்கல் நிகழ்ந்தது 1917ஆம் ஆண்டு அக்டோபரில். ஹெமிங்வே இத்தாலியில் கால் வைத்ததோ 1918ஆம் ஆண்டு கோடையில்! வரைபடங்களையும் போர் வரலாறுகளையும் செய்தித்தாள்களையும் படித்துத்தான் அவர் அந்தச் சேற்றை உண்டாக்கினார் என்று ரெய்னால்ட்ஸ் பக்கம் பக்கமாகக் காட்டினார். 'பட்டதை மட்டும் எழுதியவர்' என்ற புராணம் இதில் நொறுங்கியது. ஹெமிங்வேயின் மதிப்போ உயர்ந்தது. கண்டதை எழுதுவதைவிடக் காணாததைக் கண்டதாக எழுதுவது பெரிய கலை அல்லவா?

அதன் பிறகும் ஓயவில்லை. அவர் முடிக்காமல் விட்டுச் சென்ற 'ஏதேன் தோட்டம்' 1986ஆம் ஆண்டு வெளியாகி, ஆண்மையின் அடையாளமாகக் கருதப்பட்டவருக்குள் ஆண் பெண் என்ற எல்லைகளே கலங்கிக் கிடந்ததைக் காட்டியது. மறு ஆண்டே கென்னத் லின் அவருடைய குழந்தைப் பருவத்திலிருந்து வாழ்க்கையை முற்றிலும் வேறாகச் சொன்னார். ரெய்னால்ட்ஸோ ஐந்து தொகுதிகளில் வரலாறு எழுதினார். கடிதங்களை முழுமையாகப் பதிப்பிக்கும் பணியைக் கேம்பிரிட்ஜ் 2011ஆம் ஆண்டு தொடங்கியது. இவற்றில் மிகையும் உண்டு. ஒவ்வொரு மீசை மயிருக்கும் ஒரு கட்டுரை என்ற அளவுக்குப் போன அபத்தமும் உண்டு. பல்கலைக்கழகங்களின் செல்வமும் பதவி உயர்வுத் தேவைகளும் இதில் பாதிக்கு மேல் காரணம் என்பதையும் மறைப்பதற்கில்லை. என்றாலும் ஒவ்வொரு தலைமுறை ஆய்வாளரும் முந்தைய தலைமுறை கட்டிய உருவத்தைக் கேள்வி கேட்டு மீண்டும் பிரதிக்குத் திரும்பினார் என்பது நிற்கிறது.

*

இப்போது நம் பக்கத்துக்கு வருவோம்.

செல்லப்பா பிறந்தது சின்னமனூரானாலும் வளர்ந்தது பழனிமலை அடிவாரத்து வத்தலக்குண்டில். 'கமலாம்பாள் சரித்திரம்' எழுதிய ராஜமையரின் ஊர். 'மணிக்கொடி'யைச் சிறுகதை இதழாக நடத்திய பி.எஸ். ராமையாவின் ஊர். மதுரையில் கல்லூரிப் படிப்பு. காந்தியத்தில் ஈடுபாடு, சிறைவாசம். 'மணிக்கொடி'யில் சிறுகதை எழுத்தாளராக அறிமுகமாகி, பிறகு 'தினமணி'யில் பணி. 1959ஆம் ஆண்டு ஜனவரியில் 'எழுத்து'. 1970 வரை அது வந்தது. ந. பிச்சமூர்த்தி, சுந்தர ராமசாமி, தருமு சிவராமு, சி. மணி, எஸ். வைதீஸ்வரன், வெங்கட் சாமிநாதன் என்று அதில் எழுதியவர்களின் பட்டியலே பாதிப் புதுக்கவிதை வரலாறு. மீதிப் பாதியை 1962ஆம் ஆண்டு அவர் தொகுத்து வெளியிட்ட 'புதுக்குரல்கள்' சொல்லிவிடும்.

இவை தெரிந்தவை. நமக்கு வேண்டியது, விமர்சனத்தில் அவர் எடுத்த நிலை. க.நா. சுப்ரமண்யம் ரசனையை அளவுகோலாகக் கொண்டவர். நல்லது, நல்லதல்ல என்று சுருக்கமாகத் தீர்ப்புச் சொல்லி நகர்கிறவர். செல்லப்பாவுக்கு அது போதவில்லை. ஏன் நல்லது, எந்த வரியில் நல்லது, எந்தச் சொல் அதைச் செய்கிறது என்று பிரதியைக் கூறு கூறாகப் பிரித்துக் காட்ட வேண்டும் என்றார். 'அலசல்' என்பது அவர் அந்த முறைக்கு இட்ட பெயர். ஆங்கில, அமெரிக்க விமர்சகர்கள் வளர்த்த புதுத் திறனாய்வு முறைதான் அதற்குப் பின்னே இருந்தது. ஆசிரியரின் வாழ்வையும் நோக்கத்தையும் ஒதுக்கிவிட்டுப் பிரதியின் சொற்களோடு மட்டும் மல்லுக்கட்டுவது அம்முறையின் உயிர். மௌனியின் கதைகளை அவர் அலசியது இப்படித்தான். முதுமையில், தம் ஊர்க்காரரான ராமையாவின் முந்நூறுக்கும் மேற்பட்ட சிறுகதைகளை எடுத்துக்கொண்டு 'ராமையாவின் சிறுகதைப் பாணி' என்று ஒரு பெரிய நூலே எழுதினார். ஒரு தமிழ்ப் படைப்பாளியின் கதைகளை ஒட்டுமொத்தமாக எடுத்துக்கொண்டு இன்னொரு படைப்பாளி இவ்வளவு உழைத்ததற்கு நம்மிடம் உதாரணங்கள் அரிது. ராமையாவுக்கு அவர் அளித்த இடம் மிகையானது என்று கருதுவோரில் நாமும் ஒருவர். ஆனால் அந்த உழைப்பின் முன் தலை வணங்காமல் இருக்க முடியாது.

விந்தை இங்கேதான் தொடங்குகிறது. வாழ்க்கையை ஒதுக்கிவிட்டு எழுத்தைப் படியுங்கள் என்று பன்னிரண்டு ஆண்டுகள் இதழ் நடத்திச் சொன்னவரை நாம் எழுத்தை ஒதுக்கிவிட்டு வாழ்க்கையால் மட்டும் அறிந்திருக்கிறோம். மனைவியின் நகைகளை விற்று இதழ் நடத்தினார், திருவல்லிக்கேணி வீட்டிலிருந்து புத்தக மூட்டையைச் சுமந்துகொண்டு கல்லூரி கல்லூரியாக ஏறி இறங்கினார், பரிசுகளை மறுத்தார், கோபக்காரர், பிடிவாதக்காரர். செல்லப்பாவைப் பற்றி யாரிடம் கேட்டாலும் இந்தக் கதைகள்தாம் கிடைக்கும். இவை பொய்யென்று நாம் சொல்லவில்லை. உருக்கமானவையும்கூட. ஆனால் ஹெமிங்வேயின் சிங்கவேட்டை போல இவையும் ஒரு புராணம் ஆகிவிட்டன. அங்கே சாகசம், இங்கே தியாகம். இரண்டுமே படைப்பின் முன் ஒரு திரையைத் தொங்கவிடுகின்றன.

கல்வித்துறை அந்தத் திரையை விலக்கியிருக்க வேண்டும். வல்லிக்கண்ணன் போன்ற சக பயணிகள் செல்லப்பாவைப் பற்றி அக்கறையோடு எழுதினார்கள். கல்லூரிகளோ அவரை ஒரு வாய்பாட்டுக்குள் அடைத்தன. இன்னாரின் படைப்புகளில் சமுதாயச் சிந்தனைகள். இன்னாரின் நாவல்களில் பெண் பாத்திரங்கள். முதல் இயல் வாழ்வும் பணியும், கடைசி இயல் முடிவுரை. பெயரை மாற்றினால் போதும், எந்த எழுத்தாளருக்கும் பொருந்தும் சட்டை. முதுகலைப் பட்டத்துக்காக நாம் எழுதிய கட்டுரையும் அப்படிப்பட்டதுதான் என்பதை இங்கே ஒப்புக்கொள்கிறோம். அதன் பிரதியை இன்று எடுத்துப் பார்க்கத் துணிவில்லை.

இதனால் இழந்தவை எவை என்று கேட்கலாம். ஒன்றை மட்டும் சொல்கிறோம். 'வாடிவாசல்' 1959இல் நூலாக வந்தது. 'எழுத்து' இதழில் வெளிவந்த 'ஜீவனாம்சம்' 1962இல் நூலாயிற்று. முன்னது முழுக்க வெளி: புழுதி, கூட்டம், வெயில், இரத்தம். பின்னது முழுக்க உள்: கணவனை இழந்து அண்ணன் வீட்டில் இருக்கும் ஓர் இளம்பெண்ணின் மனவோட்டம். அவளுக்காக ஜீவனாம்ச வழக்கு நடக்கிறது. அவளுடைய மனமோ வழக்குக்கு எதிர்த்திசையில், புகுந்த வீட்டை நோக்கி, மெல்ல நகர்ந்துகொண்டே இருக்கிறது. இவ்விரண்டும் ஒரே மனிதரிடமிருந்து அடுத்தடுத்துப் பிறந்தது எங்ஙனம்? ஒன்றில் மகன், இறந்த தந்தையின் சொல்லுக்குக் கட்டுப்பட்டுக் காளையின் முன் நிற்கிறான். மற்றொன்றில் மனைவி, இறந்த கணவனின் குடும்பத்துக்குக் கட்டுப்பட்டவளாகத் தன்னை உணர்கிறாள். இருவரையும் இயக்குவது இறந்தவர்கள். யங் போல் இதற்குப் பின்னே ஒரு காயத்தைத் தேட வேண்டும் என்பதில்லை. தேடினால் கிடைக்குமா என்பதும் ஐயமே. ஆயினும் இறந்தவர்க்குப் பட்ட கடன் என்ற இந்த ஒரு இழையைப் பிடித்துக்கொண்டு, அவர் தாமே 1997இல் மூன்று பாகங்களாக வெளியிட்ட 'சுதந்திர தாகம்' வரைக்கும் ஒருவர் சென்றிருக்கலாம். அந்நாவலுக்குச் சாகித்திய அகாதெமி விருது 2001ஆம் ஆண்டு கிடைத்தபோது செல்லப்பா மறைந்து மூன்றாண்டுகள் ஆகிவிட்டன.

*

'வாடிவாசல்' மட்டும் ஒருவகையில் பிழைத்துக்கொண்டது. பெருமாள்முருகனின் முன்னுரையோடு காலச்சுவடு வெளியிட்ட பதிப்பு பலமுறை அச்சேறியது. என். கல்யாண்ராமனின் ஆங்கில மொழிபெயர்ப்பு 2013இல் ஆக்ஸ்போர்டு வெளியீடாக வந்தது. 2014 மே மாதம் உச்ச நீதிமன்றம் ஜல்லிக்கட்டைத் தடை செய்ய, 2017 ஜனவரியில் மெரினாவில் இளைஞர்கள் திரண்டு சட்டத் திருத்தம் வரக் காரணமாயினர். 2023 மே மாதம் அத்திருத்தம் செல்லும் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்த ஆண்டுகளில் 'வாடிவாசல்' புதிய வாசகர்களைப் பெற்றது கண்கூடு. தமிழர் வீரத்தின் ஆவணம் என்று அதைக் கையில் ஏந்தியவர்களும் உண்டு.

புதிய வாசகர் கிடைத்தது மகிழ்ச்சியே. ஆனால் ஆவணம் என்று ஏந்தியவர்கள் கடைசிப் பக்கங்களை என்ன செய்தார்கள் என்று நமக்கு ஓர் ஐயம். கதை தெரியாதவர்களுக்காகச் சுருக்கிச் சொல்வோம். காரி என்ற காளையைப் பிடிக்க முயன்று மாண்டவன் அம்புலி. அவன் மகன் பிச்சி, மச்சான் மருதனோடு பெரியபட்டி செல்லாயி ஜல்லிக்கட்டுக்கு வருகிறான். காரி இப்போது ஜமீன்தாருடைய காளை. வாடிவாசலில் அதன்மேல் கை வைக்க எவரும் துணிவதில்லை. பிச்சி துணிகிறான், அடக்குகிறான், காயப்படுகிறான். தோற்ற காளையை ஜமீன்தார் தம் கையாலேயே சுட்டுக் கொல்கிறார். ஏறுதழுவுதலின் பெருமையைப் பாடுவதற்காக ஒருவர் எழுதும் கதை இப்படி முடியுமா?

நம் வகுப்பில் எழுந்த கேள்வி இதுதான்: தோற்றுப்போன மாட்டை ஜமீன்தார் ஏன் சுட வேண்டும்? பாடநூல் உரைகளில் இதற்கு ஒரு விடை தயாராக இருக்கும். கௌரவம். நாமும் அதைத்தான் சொன்னோம். அப்போது பின்வரிசையில் ஒரு மாணவர் எழுந்தார். அவர் வீட்டில் மலைமாடு வைத்திருக்கிறார்கள். அடிவாரத்துக் காடுகளில் மேய்த்துப் பட்டியில் அடைக்கும் குடும்பம். "ஐயா, பிடிபட்ட மாட்டை யாரும் சுட மாட்டாங்க. வித்துருவாங்க. பிடிபட்டா விலை குறையும், அவ்வளவுதான். சுடுறதுன்னா அந்த விலையும் வேண்டாம்னு சொல்றவன்தான் சுட முடியும்" என்றார்.

வகுப்பு ஒரு கணம் அமைதியாயிற்று. நமக்கோ அந்தக் கணத்தில் நாவலின் அச்சே சற்றுத் திரும்பியது போல் இருந்தது. கௌரவம் என்ற சொல் எல்லாருக்கும் பொதுவானது. பிச்சிக்கும் கௌரவம் உண்டு, அவன் தந்தைக்கும் உண்டு. ஆனால் காளை என்பது குடியானவனுக்கு உயிரோடு சேர்த்து ஒரு முதலும் ஆகும். தோற்றாலும் அது உழும், விலைபோகும். அந்த முதலைத் துப்பாக்கிக்குத் தின்னக் கொடுக்க ஒருவரால்தான் முடியும். ஆகவே அந்தக் குண்டு வெறும் அவமானத்தின் வெளிப்பாடன்று. தாம் தோற்ற பிறகும் தாம் யார் என்று ஊருக்குக் காட்டும் கடைசி ஆடம்பரம். பிச்சியின் வெற்றி அந்த ஆடம்பரத்தின் முன் என்ன ஆகிறது என்று பாருங்கள். அவன் அடக்கிய காளை உயிரோடு இருந்தால் அவன் பெயரைச் சொல்லும். கொல்லப்பட்டதால் அதன் கதையும் ஜமீன்தாரின் கதையாகிவிடுகிறது.

நாவல் நூலாக வெளிவந்த காலத்தை இதோடு சேர்த்துப் பார்க்க வேண்டும். சென்னை மாகாணத்தில் ஜமீன்களை ஒழிக்கும் சட்டம் வந்தது 1948இல். 1959இல் 'வாடிவாசல்' வாசகர் கைக்கு வந்தபோது ஜமீன்தார் என்பவர் சட்டப்படி இல்லாமற் போனவர். நாவலுக்குள்ளே மட்டும் அவர் மேடையில் அமர்ந்திருக்கிறார்; எல்லாருடைய கண்ணும் காளையை ஒருமுறை பார்த்தால் அவரை ஒருமுறை பார்க்கிறது. போடியில் இருப்பவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. பாளையமாக இருந்து ஜமீனாகிய ஊர் இது. ராமாயண ஓவியங்கள் தீட்டிய அரண்மனை இன்றும் நடுவூரில் நிற்கிறது. ஜமீன் போன பிறகும் மரியாதை எவ்வளவு காலம் எஞ்சி நிற்கும், எங்கே எல்லாம் வெளிப்படும் என்பது இவ்வூர்ப் பெரியவர்களின் பேச்சில் இன்னும் கேட்கும். கோயில் முதல் மரியாதை ஒன்று. மஞ்சுவிரட்டில் முதல் காளை மற்றொன்று. பெரியபட்டி எந்த ஊர் என்று தேடிக் கண்டுபிடிக்க வேண்டும் என்பது நம் எண்ணமன்று. கபோரெட்டோவை ஹெமிங்வே காணாதது போலவே செல்லப்பாவும் தாம் காணாத ஒரு பெரியபட்டியைப் படைத்திருக்கலாம். தேட வேண்டியது, அந்தக் கடைசிக் குண்டுக்குப் பின்னாலிருந்த உலகத்தை. அது சென்னை நூலகங்களில் மட்டும் கிடைப்பதில்லை.

இங்கே நாம் செல்லப்பாவோடு சற்று முரண்பட வேண்டியிருக்கிறது. பிரதியின் சொற்களுக்குள்ளேயே எல்லா விடையும் உண்டு என்பது அவர் ஏற்ற முறை. அந்த மாணவர் சொன்ன விலைக்கணக்கைப் பிரதியின் சொற்களைக் கொண்டு மட்டும் நாம் எட்டியிருக்க மாட்டோம். எட்டவில்லை என்பதே உண்மை. அதே வேளை, அவர் சொன்னதைக் கேட்டவுடன் நாம் ஓடியது பிரதிக்குத்தான். ஜமீன்தாரின் முகத்தைக் காட்டும் இடங்கள் எவை, அவர் எப்போது பேசுகிறார், எப்போது பேசாமல் இருக்கிறார், காளையை ஊரார் எந்தப் பெயரால் சொல்கிறார்கள், உடையவரின் பெயராலா, காளையின் பெயராலா? இவையெல்லாம் அலசலுக்குரிய கேள்விகள். செல்லப்பா ராமையாவுக்குச் செய்த பொறுமையோடு எவரேனும் செல்லப்பாவுக்குச் செய்ய வேண்டியவை. 'எழுத்து' இதழில் வந்த 'ஜீவனாம்ச'த்தை நூல் வடிவத்தோடு அருகருகே வைத்து வரி வரியாக ஒப்பிடுவதும் அப்படிப்பட்ட ஒரு பணி. கென்னடி நூலகம் இல்லாமலேயே நம்மால் செய்யக்கூடியது; பழைய இதழ்க்கட்டும் ஒரு கோடைவிடுமுறையும் போதும்.

ஏலமலையின் வாழ்க்கை எழுத்தில் வராமல் திரைக்கு முந்திக்கொண்டு வந்தது. 2018இல் வெளியான லெனின் பாரதியின் 'மேற்குத் தொடர்ச்சி மலை'யைப் பார்த்துவிட்டு, ஏலக்காய் மூட்டையைச் சுமந்து மலையிறங்கும் அந்த மனிதர்களைத் தம் தாத்தா என்றும் மாமா என்றும் அடையாளம் சொன்ன மாணவர்களை நாம் அறிவோம். அவர்களுக்குப் படிப்பதற்கு ஒரு செல்லப்பா அருகிலேயே இருக்கிறார் என்று சொன்னால், முதலில் கேட்பது, "அவரு நம்ம ஊர்க்காரரா?" என்பதுதான். ஊர்ப்பெருமைக்காக ஒருவரைப் படிக்கலாகாது என்று சொல்லும் கல்வி நமக்குண்டு. ஆயினும் அந்தக் கேள்வியோடு புத்தகத்தைக் கையில் எடுக்கிறவரைத் தடுக்க நாம் யார்?

அந்த வகுப்பு அத்தோடு முடியவில்லை. விற்றுவிடுவார்கள் என்று சொன்ன மாணவரை முன்வரிசையிலிருந்து ஒரு மாணவி மறுத்தார். அவருடைய தாய் ஏலக்காய்க் கடையில் காய் பிரிப்பவர். "மாடு வெறி புடிச்சு ஓடுது. கூட்டத்துல யாரையாவது குத்திரும்னு சுட்டிருக்கலாம்ல? அவரைக் கெட்டவருன்னு முடிவு பண்ணிட்டுப் படிக்கிறீங்க" என்றார். இதற்கும் பிரதியில் இடம் உண்டு. மணியடித்துவிட்டது. அடுத்த வகுப்பில் வேறு பாடம் எதையும் தொடாமல், கடைசி நான்கு பக்கங்களை மட்டும் எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு வாக்கியமாக உரக்கப் படித்துப் பார்ப்பது என்று அவர்களே முடிவு செய்தார்கள். புத்தகம் மூன்றே பிரதிகள் இருந்தன. மீதிப் பேருக்கு அந்தப் பக்கங்களை நகலெடுத்துத் தரும் பொறுப்பு நம்மீது விழுந்தது.